நாமக்கல் முட்டை அல்ல: கருமுட்டை உயிரியலுக்குள் வர நினைப்பவர்களுக்கு

நாமக்கல்லில் பிறந்தவள் பெங்களூரில் முட்டை ஆராய்ச்சி செய்கிறேன் என்றால் ஊரில் என்ன பேச்சு வரும் என்று சொல்லத் தேவையில்லை. கோழிப்பண்ணை வைத்திருக்கும் என் மாமா முதல் வருடமே கேட்டுவிட்டார்: "என்ன கண்ணு, இங்கே இல்லாத முட்டையா அங்கே இருக்கிறது?" நான் பார்ப்பது சுண்டெலியின் கருமுட்டை. குறுக்களவு ஏறக்குறைய 80 மைக்ரான். ஒரு மில்லிமீட்டருக்குள் பன்னிரண்டை வரிசையாக வைத்துவிடலாம். ஆனால் மாமா கேட்டது முழுத் தவறும் இல்லை. கருவுறாத கோழிமுட்டையின் மஞ்சள் கரு மொத்தமும் ஒரே ஒரு செல்தான். அவர் அட்டை அட்டையாக லாரியில் ஏற்றுவதும், நான் நுண்ணோக்கியின் கீழ் தேடித் தேடி எடுப்பதும் ஒரே குலம்.

சேலம், ஈரோடு, தர்மபுரிப் பக்கத்துக் கல்லூரிகளிலிருந்து இந்தத் துறைக்கு எப்படி வருவது என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். தனித்தனியாகச் சொன்னதையெல்லாம் இங்கே சேர்த்து எழுதுகிறேன். மும்பையிலும் டெல்லியிலும் நல்ல இடங்கள் உண்டு. எனக்குத் தெரிந்த ஊர் பெங்களூர் என்பதால் இந்த ஊரை வைத்தே சொல்கிறேன்.

முதலில், இது என்ன வேலை

குழந்தையின்மைச் சிகிச்சை நிலையத்தில் செய்யும் வேலை இது என்று நினைத்து வருகிறவர்கள் பாதிப் பேர். இரண்டும் பக்கத்து வீடுகள்தான், ஆனால் வாசல் வேறு. நாங்கள் நோயாளியைப் பார்ப்பதில்லை. ஒரு செல் எப்படிக் கருமுட்டையாகிறது, அது எங்கே தவறுகிறது என்பதுதான் எங்கள் கேள்வி.

கணக்கைப் பாருங்கள். தாயின் வயிற்றில் ஐந்தாம் மாதத்தில் இருக்கும் பெண் கருவுக்கு 60 முதல் 70 லட்சம் முட்டைச் செல்கள் இருக்கும். பிறக்கும்போது பத்து இருபது லட்சம். பருவமடையும்போது மூன்று, நான்கு லட்சம். வாழ்நாள் முழுக்க மாதம் ஒன்றாக வெளிவருவது 400, 500தான். பிளஸ் டூவில் 'குன்றல் பகுப்பு' என்று படித்திருப்பீர்களே, அது பெண்ணுக்கு அவள் பிறப்பதற்கு முன்பே தொடங்கி, பாதியில் நின்றுவிடுகிறது. மறுபடி நகர்வது பதின்மூன்று வருடம் கழித்தும் இருக்கலாம், நாற்பத்தைந்து வருடம் கழித்தும் இருக்கலாம். அத்தனை காலமும் குரோமோசோம்களைச் சேர்த்துப் பிடித்திருப்பது கொஹீசின் என்னும் புரதம். வயது ஏற ஏற அந்தப் பிடி தளர்கிறது. பங்கீடு பிசகுகிறது. டவுன் நோய்க்குறியில் கூடுதலாக வரும் 21ஆம் குரோமோசோம் பெரும்பாலும் இந்தக் கட்டத்தில்தான் வந்து சேர்கிறது.

இந்தப் பத்தியைப் படித்ததும் 'அந்தப் புரதம் ஏன் புதிதாக உருவாவதில்லை?' என்று தோன்றியிருந்தால் மேலே படியுங்கள். தோன்றாவிட்டாலும் குற்றமில்லை, உயிரியலில் வேறு நல்ல வேலைகள் நிறைய உண்டு.

பட்டம்

இதில் அதிகம் யோசிக்க ஒன்றுமில்லை. விலங்கியல், உயிர்வேதியியல், உயிரித்தொழில்நுட்பம் எதுவானாலும் சரி. கால்நடை மருத்துவம் படித்தவர்களுக்கு விலங்கைக் கையாளும் தைரியம் முன்கூட்டியே இருக்கும். இந்திய அறிவியல் கழகம் போன்ற இடங்களில் பி.எஸ்சி. முடித்ததும் ஜாம் தேர்வு வழியாக ஒருங்கிணைந்த முனைவர் படிப்பில் சேரலாம். அது கிடைத்தால் எம்.எஸ்சி.க்குத் தனியாகப் பணம் கட்ட வேண்டாம். நிலத்தை அடகு வைத்துத் தனியார் கல்லூரியில் எம்.எஸ்சி. படிப்பதை நான் யாருக்கும் சொல்வதில்லை. தமிழ் வழியில் படித்தவர்கள் ஒரு நோட்டில் தமிழ்ச் சொல்லையும் ஆங்கிலச் சொல்லையும் எதிரெதிரே எழுதிக்கொள்ளுங்கள். அண்டகம், அண்ட செல், துருவச் செல் என்று தமிழில் புரிந்திருப்பது குறை இல்லை, புரிந்தவருக்குப் பெயரை மாற்றிச் சொல்ல ஒரு மாதம் போதும்.

தேர்வுக்கு முன்னால் ஆய்வகம்

பயிற்சி மையங்கள் தலைகீழாகச் சொல்லும். முதலில் தேர்வு, பிறகு ஆய்வகம் என்பார்கள். நான் மாற்றிச் சொல்கிறேன். இந்த வேலை உங்கள் கைக்கும் முதுகுக்கும் தூக்கத்துக்கும் ஒத்துவருமா என்பதை ஐந்து வருடம் எழுதிக் கொடுப்பதற்கு முன் இரண்டு மாதத்தில் தெரிந்துகொள்ள முடியும். அதற்கு வழிகள் இருக்கின்றன. மூன்று அறிவியல் அகாதமிகள் சேர்ந்து நடத்தும் கோடைக்கால ஆய்வு நல்கை ஒன்று. அவற்றில் ஒன்றான இந்திய அறிவியல் அகாதமி, நம் திருச்சியில் பிறந்த சி. வி. ராமன் 1934இல் பெங்களூரில் தொடங்கியது. ஜக்கூரில் இருக்கும் ஜவாஹர்லால் நேரு உயர் ஆய்வு மையமும் தனியாகக் கோடை நல்கை தருகிறது. கோடைக்கு விண்ணப்பிக்கக் கோடையில் எழுந்தால் ஆகாது, தீபாவளி முடிந்ததும் அவர்களின் இணையதளங்களைப் பார்க்கத் தொடங்குங்கள்.

இது எதுவும் கிடைக்காவிட்டால் நேராகக் கடிதம் எழுதலாம். இங்கேதான் நம் பிள்ளைகள் சறுக்குகிறார்கள். "மதிப்பிற்குரிய ஐயா, எனக்குச் சிறு வயது முதலே அறிவியலில் ஆர்வம்" என்று தொடங்கும் கடிதம் ஒரு பேராசிரியருக்கு வாரம் இருபது வரும். ஒரே கடிதத்தை நாற்பது பேருக்கு அனுப்பியது முதல் வரியிலேயே தெரிந்துவிடும். அந்த ஆய்வகத்தின் ஒரு கட்டுரையை, ஒன்றே ஒன்றை, உட்கார்ந்து படியுங்கள். எந்தப் படம் புரியவில்லையோ அதைக் குறிப்பிட்டுக் கேளுங்கள். எந்த மாதத்திலிருந்து எத்தனை மாதம் தங்க முடியும் என்று தெளிவாக எழுதுங்கள். ஒரு மாதம் என்றால் யாரும் எடுக்க மாட்டார்கள், கருமுட்டையைக் கையில் எடுக்கப் பழகவே அத்தனை நாள் ஆகும். ஆறு மாதம் என்றால் யோசிப்பார்கள். பதில் வராவிட்டால் இரண்டு வாரம் கழித்து ஒருமுறை நினைவூட்டுங்கள். அதன்பின் விட்டுவிடுங்கள்.

நுழைவுத் தேர்வுகள்

பெல்லாரி சாலையில், வேளாண் பல்கலைக்கழகத்தின் ஜி.கே.வி.கே. வளாகத்துக்குள் இருக்கிறது தேசிய உயிரியல் அறிவியல் மையம். அதற்கு டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனம் நடத்தும் உயிரியல் நுழைவுத் தேர்வை எழுத வேண்டும். மனப்பாடம் அங்கே செல்லாது. ஒரு சோதனையையும் அதன் முடிவையும் கொடுத்து, இதிலிருந்து என்ன சொல்லலாம், என்ன சொல்லக்கூடாது என்று கேட்பார்கள். இந்திய அறிவியல் கழகத்துக்கு சி.எஸ்.ஐ.ஆர். நெட், கேட் போன்ற தேசியத் தேர்வுகளில் ஏதாவது ஒன்றில் தேறியிருக்க வேண்டும், அதன்பின் நேர்முகத் தேர்வு.

நெட் தேர்வைப் பற்றி ஒன்று மட்டும். மொத்தம் 200 மதிப்பெண்ணில் 100 'சி' பகுதிக்கு. அதில் 75 கேள்விகளில் 25ஐ எழுதினால் போதும். தவறான விடைக்குக் கழிவு உண்டு. எல்லாப் பாடத்தையும் கால்வாசி படித்தவர் இங்கே தோற்பார். செல் உயிரியல், வளர்ச்சி உயிரியல், மரபியல், இந்த மூன்றையும் எலும்பு வரை படித்தவர் ஜெயிப்பார்.

நேர்முகத் தேர்வுக்கு வரும் நாள்

தமிழ்நாட்டுப் பஸ்கள் ஓசூர் சாலை வழியாக ஊரின் தெற்கே, சில்க் போர்டு, மடிவாளா பக்கம் உங்களை இறக்கிவிடும். தேசிய உயிரியல் அறிவியல் மையமோ ஹெப்பாளத்தையும் தாண்டி வடக்கே. நடுவில் முழுப் பெங்களூர். காலை எட்டு மணிக்கு மேல் அதைக் கடப்பது என்றால் நேர்முகத் தேர்வை மறந்துவிடலாம். முதல் நாளே வந்து சஹகார நகர், கொடிகேஹள்ளி பக்கம் ஒரு அறை எடுத்துத் தங்குங்கள். அல்சூரிலும் சிவாஜி நகரிலும் தமிழிலேயே வாழ்ந்துவிடலாம், அங்கே அப்படி முடியாது. "ஊட்ட ஆய்த்தா?" அளவுக்காவது கன்னடம் கற்றுக்கொண்டு வாருங்கள். பின்னால் எலிக்கூடங்களைப் பராமரிக்கும் அண்ணாக்களிடம் பேச இதுதான் உதவும். எந்த எலி குட்டி போட்டது, எது இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை என்பது அவர்களுக்குத்தான் தெரியும். பேராசிரியரிடம் பணிவாகப் பேசிவிட்டு அவர்களிடம் அதட்டிப் பேசிய ஒரு பையனை எனக்குத் தெரியும். அவன் கேட்ட எலிகள் ஒருநாளும் நேரத்துக்குக் கிடைத்ததில்லை.

தேர்வுக் குழுவில் தெரியாததைத் தெரியாது என்று சொல்லுங்கள். சொல்லிவிட்டு அங்கேயே நின்றுவிடாமல், "இப்படிச் செய்து பார்த்தால் தெரியும் என்று நினைக்கிறேன்" என்று அடுத்த வாக்கியத்துக்குப் போங்கள். அவர்கள் காத்திருப்பது அந்த வாக்கியத்துக்குத்தான்.

எந்த விலங்கு

எந்த நிறுவனம் என்று கேட்கிறவர்கள் எந்த விலங்கு என்று கேட்பதில்லை. உங்கள் ஐந்தாறு வருடங்களின் அன்றாடத்தைத் தீர்மானிப்பது விலங்குதான்.

பழ ஈ என்றால் 25 டிகிரியில் பத்து நாளில் ஒரு தலைமுறை. அதன் முட்டை உருவாகும் விதம் அழகு: பதினாறு செல்கள் ஒட்டிப் பிறந்து, ஒன்று மட்டும் முட்டையாகும், மற்ற பதினைந்தும் தம்மிடம் இருப்பதையெல்லாம் அதற்குள் ஊற்றிவிட்டு மறையும். கூட்டுக்குடும்பத்தில் மூத்தவனைப் படிக்க வைத்த கதைதான். மரபணுவை மாற்றிப் பார்க்க இதைவிட வசதியான விலங்கு கிடையாது. சி. எலிகன்ஸ் என்னும் புழு கண்ணாடி போல ஒளி ஊடுருவும். முட்டைகள் ரேஷன் கடை வரிசை போல ஒன்றன்பின் ஒன்றாக நிற்பதை உயிரோடு பார்க்கலாம். மூன்று நாளில் அடுத்த தலைமுறை. தவளையின் முட்டை ஒரு மில்லிமீட்டருக்கு மேல். கண்ணுக்கே தெரியும், ஊசி போடலாம். முதிர்ந்த முட்டையின் சைட்டோபிளாசத்தை எடுத்து முதிராத முட்டைக்குள் செலுத்தி, அதையும் முதிர வைக்கும் ஒன்று உள்ளே இருக்கிறது என்று யோஷியோ மசூயியும் கிளெமென்ட் மார்கெர்ட்டும் 1971இல் காட்டியது தவளையில்தான். டிம் ஹன்ட் 1980களின் தொடக்கத்தில், செல் பிரிவை முடுக்கும் சைக்ளின் என்னும் புரதத்தைக் கண்டது கடல் முள்ளெலியின் முட்டையில். அதற்கு 2001இல் நோபலில் பங்கு கிடைத்தது. செல் எப்படிப் பிரிகிறது என்று உலகம் அறிந்ததில் பெரும்பங்கு முட்டைகளிடமிருந்து வந்ததுதான்.

சுண்டெலி மனிதனுக்குப் பக்கம். அதனால் விலை அதிகம், ஒவ்வொரு சோதனைக்கும் விலங்கு நெறிமுறைக் குழுவின் அனுமதி வேண்டும், ஒரு எலியிடம் கிடைப்பது சில பத்து முட்டைகள்தான். வேறு செல்களை லட்சக்கணக்கில் வளர்ப்பவர்கள் ஒரு சோதனை கெட்டால் மறுநாள் திரும்பச் செய்வார்கள். நமக்கு ஒரு வாரம் போய்விடும். எலியைத் தொடக் கூசுகிறவர்கள், கொல்வதை மனம் ஏற்காதவர்கள், ஈயோ புழுவோ எடுங்கள். அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. சேர்ந்த பிறகு சொல்வதைவிடச் சேருமுன் சொல்வது எல்லோருக்கும் நல்லது.

கை பழகுவது

எந்தப் பாடப்புத்தகமும் இதைச் சரியாகச் சொல்வதில்லை என்பதால் கொஞ்சம் நீட்டுகிறேன்.

கருமுட்டையை எடுக்கும் கருவியைப் பெரும்பாலும் நாமே செய்துகொள்வது. மெல்லிய கண்ணாடிக் குழாயின் நடுப்பகுதியை ஸ்பிரிட் விளக்கின் சுடரில் காட்டி, கண்ணாடி இளகும் கணத்தில் சுடரிலிருந்து வெளியே எடுத்து இரு கையாலும் இழுக்க வேண்டும். சுடருக்குள்ளேயே இழுத்தால் முடியாகிவிடும். பிறகு நுனியை நேராக முறிக்க வேண்டும். முறிவு பிசிறாக இருந்தால் முட்டை கிழியும். துளை முட்டையைவிடச் சற்றே பெரிதாக இருக்க வேண்டும்: குறுகினால் முட்டை பிதுங்கும், அகன்றால் கூடவே பழைய திரவமும் வந்துவிடும். மறுமுனையில் ரப்பர் குழாய், அதன் முனை வாயில். உறிஞ்சுவது என்று சொல்கிறோமே தவிர, உண்மையில் நாக்கை இலேசாக நகர்த்துவது அவ்வளவுதான். முதலில் கொஞ்சம் திரவம், பிறகு ஒரு காற்றுக்குமிழி, மறுபடி திரவம், அதன்பின் முட்டை. குமிழி இருந்தால்தான் கட்டுப்பாடு இருக்கும். திரவத்தில் அல்புமின் போன்ற புரதம் சேர்க்க மறந்தால் முட்டை கண்ணாடியில் ஒட்டிக்கொள்ளும். இருபது எடுத்துப் பதினேழு இறக்கிவிட்டு மூன்றைத் தேடி அரைமணி நேரம் அழுத நாட்கள் எனக்கு உண்டு.

முதல் வருடம் நான் செய்த தவறைச் சொல்கிறேன், நீங்கள் செய்ய வேண்டாம். முட்டைக்கு இரண்டு வகை ஊடகம் உண்டு. மேசை மேல் வெளிக்காற்றில் வைத்து வேலை செய்ய எம்2. இன்குபேட்டருக்குள் 5 சதவீதம் கார்பன் டை ஆக்ஸைடில் வைக்க எம்16. இரண்டும் ஒரே மாதிரிக் குப்பியில், ஒரே அலமாரியில், ஒரே நிறத்தில் இருந்தன. ஒருநாள் எம்16ஐ மேசைக்கு எடுத்துவிட்டேன். காற்றுப்படப்பட அதிலிருந்து கார்பன் டை ஆக்ஸைடு வெளியேறி, காரத்தன்மை ஏறி, ஊடகத்தின் நிறம் கத்தரிப்பூ நிறத்துக்கு மாறிக்கொண்டிருந்தது. கண் முன்னால் மாறியும் நான் கவனிக்கவில்லை, முட்டையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். நாற்பது முட்டை. ஒன்றுகூடத் தேறவில்லை. அன்று முதல் எம்2 குப்பிக்கு நீல நாடா, எம்16க்குச் சிவப்பு நாடா. என் பின்னால் வந்த மாணவிகளுக்கும் அந்த நாடாதான் முதல் பாடம்.

குறிப்பேடு எழுதுவதையும் அன்றே தொடங்குங்கள். எத்தனை முட்டை எடுத்தீர்கள், எத்தனை போயிற்று, எத்தனை மணிக்கு, எந்தக் குப்பி, எல்லாவற்றையும். கொல்கத்தாவில் டாக்டர் சுபாஷ் முகர்ஜியின் முயற்சியில் 1978 அக்டோபர் 3 அன்று, உலகின் முதல் சோதனைக்குழாய்க் குழந்தைக்கு 70 நாள் கழித்து, ஒரு பெண் குழந்தை பிறந்தது. அன்று அவரை யாரும் நம்பவில்லை. 1981இல் அவர் தற்கொலை செய்துகொண்டார். மும்பையில் 1986இல் பிறந்த குழந்தைதான் நாட்டின் முதல் சோதனைக்குழாய்க் குழந்தை என்று பதிவாகியிருந்தது. அந்தச் சாதனைக்குப் பின்னால் இருந்த டி. சி. ஆனந்த் குமார், முகர்ஜியின் கையெழுத்துக் குறிப்புகளைப் படித்துப் பார்த்து, முதல் குழந்தை முகர்ஜியுடையது என்று 1997இல் தாமே அறிவித்தார். அந்தத் தாள்கள் இல்லையென்றால் அவர் எதைப் படித்திருப்பார்?

கடிகாரமும் காசும்

எலியின் முட்டைக்கு நேரம் குறிப்பது பஞ்சாங்கம் பார்ப்பது போல. வியாழன் காலை முதிர்ந்த முட்டை வேண்டும் என்றால் புதன் மாலை ஐந்து மணிக்கு ஒரு ஹார்மோன் ஊசி. அதற்கு 48 மணி நேரம் முன்பு, திங்கள் மாலை ஐந்துக்கு, இன்னொன்று. எல்லாமே பின்னோக்கி எண்ணுவது. முதிராத முட்டையை எடுத்து முதிர்வதைப் படம் பிடிப்பதாக இருந்தால், அதை முதிராமல் நிறுத்தி வைத்திருந்த தடை மருந்தைக் கழுவி எடுத்ததிலிருந்து ஓரிரண்டு மணி நேரத்தில் உட்கரு உறை கரையும், சுமார் பத்துப் பன்னிரண்டு மணி நேரத்தில் முதல் துருவச் செல் (முட்டை தன் குரோமோசோம்களில் பாதியை வெளியே தள்ளும் சின்னஞ்சிறு செல்) வெளியேறும். பகல் பதினொன்றுக்குத் தொடங்கினால் முக்கியமான கட்டம் இரவுச் சாப்பாட்டு நேரத்துக்கு மேல் வரும். அவசரப்பட்டவர்கள் இதில் ஏமாந்த கதை பழையது. மனிதக் கருமுட்டை 12 மணி நேரத்தில் முதிரத் தொடங்கிவிடும் என்று பழைய ஆய்வு சொன்னதை நம்பிப் பார்த்தவர்களுக்கு ஒன்றும் தெரியவில்லை. ராபர்ட் எட்வர்ட்ஸ் ஒரு முழு நாளுக்கு மேல் காத்திருந்து பார்த்தார், அப்போதுதான் குரோமோசோம்கள் தென்பட்டன. அதை அவர் வெளியிட்டது 1965இல், நோபல் வந்தது 2010இல்.

அக்காவின் நிச்சயதார்த்தம் ஒரு வியாழக்கிழமை வந்தது. என்ன செய்தேன் என்று இங்கே எழுத விரும்பவில்லை, அக்கா இதைப் படிப்பாள்.

உதவித்தொகை: 2023 ஜனவரி முதல் இளநிலை ஆய்வாளருக்கு மாதம் 37,000 ரூபாய், இரண்டு வருடம் கழித்து முதுநிலைக்கு 42,000. வீட்டு வாடகைப் படி தனி. வளாகத்தில் விடுதி கிடைத்தால் சிக்கனமாக வாழ்ந்து ஊருக்கும் அனுப்பலாம். ஆனால் பணம் மாதாமாதம் ஒன்றாம் தேதி வரும் என்று நம்பி மாதத் தவணை எதையும் எடுக்காதீர்கள். நான்கு மாதம் வராமல் ஐந்தாம் மாதம் மொத்தமாக வந்து விழுந்தது எனக்கு நடந்திருக்கிறது. மூன்று மாதச் செலவுக்குக் கையிருப்பு வைத்துக்கொள்வது முதல் வருடத்து வேலை.

முனைவர் பட்டத்துக்குப் பிறகு

சொந்தமாக ஆய்வகம் வைக்க ஆசைப்பட்டால் முதுமுனைவர் ஆய்வுக்குப் பெரும்பாலோர் வெளிநாடு போகிறார்கள், மூன்று நான்கு வருடம். திரும்பி வர ராமலிங்கசுவாமி நல்கை, இந்தியா அலையன்ஸ் நல்கை போன்றவை இருக்கின்றன. இடங்கள் குறைவு, போட்டி கடுமை. திறமையிருந்தும் கிடைக்காதவர்களை நான் அறிவேன்.

கை நன்றாகப் பழகியவர்களுக்குச் சிகிச்சை நிலையங்களின் கருவியல் (எம்ப்ரியாலஜி) ஆய்வகங்கள் இன்னொரு வழி. பெங்களூரில் அவை நிறைய. ஆனால் எலி முட்டையில் முனைவர் பட்டம் வாங்கினால் மறுநாள் மனித முட்டையைத் தொட்டுவிடலாம் என்று எண்ணாதீர்கள். 2021ஆம் ஆண்டின் செயற்கைக் கருத்தரிப்புச் சட்டமும் அதன் விதிகளும் கருவியலாளருக்கு என்ன படிப்பு, எத்தனை அனுபவம் வேண்டும் என்று வரையறுக்கின்றன. முதலில் அதைப் படியுங்கள். அந்தச் சட்டப்படி ஒரு பெண் வாழ்நாளில் ஒரே முறைதான் கருமுட்டை தானம் செய்யலாம், அதிலும் ஏழுக்கு மேல் எடுக்கக்கூடாது. எலியில் நாற்பதைக் கெடுத்துவிட்டு அடுத்த வாரம் திரும்பச் செய்யலாம் என்ற பழக்கத்தோடு அந்த மேசைக்குப் போகக்கூடாது. வேலைக்கு நேர்முகத் தேர்வு நடக்கும்போது சம்பளம் கேட்பதற்கு முன், முதல் ஆறு மாதம் எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லிக்கொடுக்கப் போவது யார் என்று கேளுங்கள். ஒரு பெயரைச் சொல்லி அந்த ஆளை உடனே அழைத்து அறிமுகப்படுத்துகிற இடத்தில் சேருங்கள்.